காதருக்கு ‘ஓவ்’ ஒட்டியவர்களும் ‘சர்நேம்’ கேட்பவர்களும்

கீழக்கரை வள்ளல் சீதக்காதிக்கும் செச்னியத் தலைவர் ரம்ஸான் கதீரோவுக்கும் பெயர் ஒன்றுதான். சீதக்காதியின் இயற்பெயர் செய்கு அப்துல் காதிர். தமிழ் வாய் அதை உருட்டி உருட்டிச் சீதக்காதி ஆக்கியது. அதே காதிர் ரஷ்யப் பதிவேட்டில் ஏறியபோது, பின்னால் ஓர் ‘ஓவ்’ சேர்ந்து கதீரோவ் ஆனது. வடசென்னைக் கல்மண்டபத்தில் அது காதர். என் பெயரும் அதுதான். பள்ளிச் சான்றிதழில் அப்துல் காதர், துறைமுகத்தில் காதர் பாய்.

எங்கள் பக்கத்துப் பிள்ளைகளுக்குச் சண்டைப் போட்டி என்றால் சோறு வேண்டாம். ஆகவே ரஷ்யாவின் தாகெஸ்தான் வீரர் கபீப் நூர்மகமேதோவை எல்லோருக்கும் தெரியும். தொழில்முறைச் சண்டை 29-லும் வென்று, 2020 அக்டோபரில் விலகியவர். என் பேரனுக்கு அந்தப் பெயரைச் சொல்லும்போதெல்லாம் நாக்கு தடுக்கும். “ஹபீப் நூர் முகம்மதுன்னு சொல்லுடா, அவ்வளவுதான்” என்றேன். அவனுக்குச் சப்பென்று ஆகிவிட்டது. “மண்ணடியில செல்போன் கடை வெச்சிருக்கிறவர் பேரு மாதிரி இருக்கே நன்னா!” என்றான்.

அவன் சொன்னது சரி. ரஷ்ய இலக்கணத்தை உரித்துவிட்டால் அந்தப் பெயர்களுக்குள்ளே நம் தெருப் பெயர்கள்தான் இருக்கின்றன. அதை ஒட்டியது யார், எதற்காக, திரும்ப எடுக்க முடியுமா என்பதெல்லாம் தூரதேசத்துக் கதையாகத் தோன்றலாம். பாஸ்போர்ட் விண்ணப்பத்தில் ‘சர்நேம்’ கட்டத்துக்கு எதிரே திகைத்து நிற்கும் தமிழருக்கு அது சொந்தக் கதை.

யாருடைய பிள்ளை?

நான் ஒரு கப்பல் ஏஜென்சியில் போர்டிங் கிளார்க்காக இருந்து ஓய்வு பெற்றவன். கப்பல் பெர்த்தில் கட்டியதும் ஏணியேறிப் போய், கேப்டனிடம் ‘குரூ லிஸ்ட்’ வாங்கி, கஸ்டம்ஸுக்கும் இமிக்ரேஷனுக்கும் படியெடுத்துக் கொடுப்பது வேலை. எண்பதுகளில் சோவியத் கப்பல்கள் சென்னைக்கு வரும். இவானோவ், பெத்ரோவ் என்று போகும் பட்டியலின் நடுவே அலியேவ், மமேதோவ், இப்ராகிமோவ் என்றும் வரும். தட்டச்சு செய்யும்போதே தெரிந்துவிடும், இவர்கள் வாப்பாவும் உம்மாவும் வைத்த பெயர்கள் எங்கிருந்து வந்தவை என்று. நியூ செஞ்சுரி புத்தக நிலையத்தில் மலிவாக வாங்கிப் படித்த ‘ஜமீலா’வின் ஆசிரியர் சிங்கிஸ் ஐத்மாத்தவும் அப்படித்தான். ஐத்மாத் என்பது அவருடைய பாட்டனாரின் பெயர்.

ரஷ்ய மொழியில் ‘ஓவ்’ என்பது ‘யாருடைய?’ என்ற கேள்விக்கு விடை. கரீமோவ் என்றால் கரீமுடையவர். பெயர் இகர ஒலியில் முடிந்தால் ‘ஏவ்’ வரும். அலி அலியேவ் ஆனது அப்படி. ஆகாரத்தில் முடியும் பெயருக்குப் பல இடங்களில் ‘இன்’. வோல்கா கரைத் தாத்தார் முஸ்லிம்களில் மூஸாவின் வழி வந்தவர் மூசின், முஸ்தபாவின் வழி வந்தவர் முஸ்தாஃபின். ‘மூஸாவின்’ என்று நாம் சொல்லும்போது வரும் வேற்றுமை உருபுக்கும் அதே ஒலி, அதே வேலை. தற்செயல்தான், ஆனாலும் தமிழ்க் காதுக்குச் சட்டென்று விளங்கிவிடும். பெண்ணென்றால் கடைசியில் ஓர் ‘ஆ’ கூடும்: கரீமோவ் மகள் கரீமோவா, அலியேவ் மனைவி அலியேவா.

ரஷ்யனுக்கு ‘ஹ’ கிடையாது. ஹசன் கசனோவ் ஆனார், ஹுசைன் குசேய்னோவ் ஆனார், ஹாஜியார் வீட்டுப் பிள்ளை கஜியேவ் ஆனார். இதைக் கேட்டு நாம் சிரிக்க வழியில்லை. நாமும் ‘ஹ’ வரும் இடத்தில் ‘க’ போட்டு முகம்மது, இபுறாகீம், ரகுமான் என்று எழுதிவந்தவர்கள்தாம். சொல்லின் முதலில் வந்தால் விழுங்கிவிட்டு அசன், உசேன் என்றோம். ‘ஃப’ வராததால் யூசுப் என்றோம். துருக்கிய மொழி பேசிய நோகாய் மக்களும் அப்படியே சொன்னார்கள். அவர்களின் தலைவர் யூசுப்பின் வழி வந்த குடும்பம்தான் யூசுபோவ். 1916-ல் ரஸ்புடினைக் கொன்றவர்களில் ஒருவர் அந்தக் குடும்பத்து இளவரசர்.

ஒலியை மாற்றுவது எல்லா மொழியும் செய்கிற வேலை. அதில் குற்றம் காண ஒன்றுமில்லை. என் உம்மாவின் பெயர் பாத்துமுத்து. பாத்திமாவோடு முத்து சேர்ந்தது. சீனி முகம்மது, முத்துமீரான், பிச்சை ராவுத்தர் எல்லாம் இதே வகை. வீட்டுப் பெண்கள் கூப்பிட்டுக் கூப்பிட்டு வடிவம் எடுத்த பெயர்கள் இவை. ‘ஓவ்’ எழுத்தர் மேசையில் பிறந்தது.

மேசையில் பிறந்த விகுதி

1552-ல் நான்காம் இவான் கசானைப் பிடித்தபின், தாத்தார் பிரபுக்கள் சிலர் ஜார் மன்னர்களிடம் சேவைக்குச் சேர்ந்து ரஷ்யப் பாணிப் பெயர் எடுத்தார்கள். சாதாரண மக்களுக்கு அது வர நாளாயிற்று. 1859-ல் தாகெஸ்தானில் இமாம் ஷாமில் ரஷ்யப் படையிடம் சரணடைந்தார். 1865-ல் தாஷ்கண்ட் விழுந்தது. நிலம் கைக்கு வந்ததும் குடிகளைக் கணக்கில் ஏற்ற வேண்டியிருந்தது: வரிக்கு, படைக்கு, பள்ளிக்கு. அங்கே பெரும்பாலோருக்குக் குடும்பப் பெயர் என்ற ஒன்றே இல்லை. இன்னார் மகன் இன்னார், இன்ன ஊரார், இன்ன குலத்தார் என்பதுதான் வழக்கம். எழுத்தர் அதில் தகப்பன் பெயரையோ பாட்டன் பெயரையோ பிடித்து ‘ஓவ்’ போட்டு எழுதினார். அன்றுவரை தலைமுறைக்குத் தலைமுறை மாறிவந்த பெயர் அந்த இடத்தில் உறைந்தது.

1932 டிசம்பரில் சோவியத் அரசு உள்நாட்டு பாஸ்போர்ட்டைக் கொண்டுவந்தது. குடும்பப் பெயர், சொந்தப் பெயர், தந்தை வழிப் பெயர் என்ற மூன்று கட்டங்கள் ஆள் அடையாளத்தின் அச்சாயின. தந்தை வழிப் பெயரில் மகனுக்கு ‘ஓவிச்’, மகளுக்கு ‘ஓவ்னா’. உஸ்பெகிஸ்தானின் முதல் அதிபர் இஸ்லாம் அப்துகனியேவிச் கரீமோவ். மூன்று கட்டங்களும் நிரம்பிய பெயர் அது.

தாகெஸ்தானின் அவார் மொழிக் கவிஞர் ரசூல் கம்சதோவின் வீட்டில் இந்த மாற்றத்தை இரண்டே தலைமுறையில் பார்க்கலாம். அவர் தகப்பனாரும் பெயர்பெற்ற கவிஞர், கம்சத் சதாசா. சதாசா என்றால் சதா என்ற ஊர்க்காரர் என்று பொருள். நம் எழுத்தாளர் தோப்பில் முஹம்மது மீரானுக்குத் ‘தோப்பில்’ முன்னால் நின்றது, கம்சதுக்கு ஊர் பின்னால் நின்றது. மகன் காலத்தில் ஊர் கழன்று, தகப்பன் பெயரோடு ‘ஓவ்’ சேர்ந்தது.

இதை வெறும் அடிமை முத்திரை என்று நான் சொல்ல மாட்டேன். ஆண்ட ரஷ்யர்களே இவானோவ், பெத்ரோவ்தான். ஆண்டவருக்கும் ஆளப்பட்டவருக்கும் விகுதி ஒன்று. பெயரை வேரோடு பிடுங்கிய நாடு பல்கேரியா. 1984–85 குளிர்காலத்தில் அங்கிருந்த துருக்கிய முஸ்லிம்களை ஸ்லாவியப் பெயர் வைத்துக்கொள்ளும்படி கம்யூனிஸ்ட் அரசு கட்டாயப்படுத்தியது. 1989 கோடையில் 3 லட்சத்துக்கும் மேற்பட்டோர் துருக்கிக்குப் போய்ச் சேர்ந்தார்கள். அதைப் பார்த்தால் ‘ஓவ்’ சாது. கரீமைக் கரீமாகவே விட்டுவைத்தது. ஆனால் ஒன்று: தன் பெயர் எந்த இலக்கணத்தில் நிற்க வேண்டும் என்று கரீமை யாரும் கேட்கவில்லை.

தமிழ் இலக்கணம் எது?

பிற மொழி இலக்கணம் ஒட்டிய பெயரைப் பார்க்க மாஸ்கோ போக வேண்டாம், ராயபுரமே போதும். இங்குள்ள தூத்துக்குடிப் பக்கத்துக் கிறிஸ்தவக் குடும்பங்களில் பெர்னாண்டஸ், கோமஸ் உண்டு. கடைசியில் உள்ள அந்தப் போர்த்துக்கீசிய விகுதிக்கு ‘மகன்’ என்று பொருள்; 1530-களில் முத்துக்குளித்துறைப் பரதவர் ஞானஸ்நானம் பெற்ற காலத்திலிருந்து அந்தக் கடற்கரையில் இப்படிப்பட்ட பெயர்கள் வழங்குகின்றன. ராயபுரத்தில் 1910 முதல் பார்சிகளின் அக்னி ஆலயம் இருக்கிறது. அதன் பெயரிலேயே கிளப்வாலா என்ற குடும்பப் பெயர் உண்டு. ஆங்கில ‘கிளப்’போடு குஜராத்தி ‘வாலா’.

தமிழ்நாடு முழுக்க வாயில் புழங்கும் பெயர் ஒன்றும் இருக்கிறது: மு.க.ஸ்டாலின். 1953 மார்ச் 1-ம் தேதி அவர் பிறந்தார். மார்ச் 5-ம் தேதி சோவியத் தலைவர் இறந்தார். பிள்ளைக்கு அந்தப் பெயர் வந்தது. அந்தத் தலைவரோ ஜார்ஜிய நாட்டு ஜுகாஷ்விலி. எஃகைக் குறிக்கும் ரஷ்யச் சொல்லோடு, மூசினில் பார்த்த அதே ‘இன்’ சேர்த்து அவர் சூட்டிக்கொண்ட புனைபெயர் ஸ்டாலின். நம்மவருக்கு அதன் முன்னால் பாட்டனார் முத்துவேலின் ‘மு’வும் தகப்பனார் கருணாநிதியின் ‘க’வும் நிற்கின்றன. பின்னால் ரஷ்ய இலக்கணம், முன்னால் தமிழ் இலக்கணம்.

அந்த முன்னால் நிற்பதுதான் நம் வழக்கம். தொல்காப்பியம் எழுத்ததிகாரம், தகப்பன் பெயரோடு மகன் பெயர் புணரும்போது என்ன ஆகும் என்று விதியே சொல்கிறது. உரையாசிரியர்கள் தரும் எடுத்துக்காட்டு சாத்தங்கொற்றன்: சாத்தனின் மகன் கொற்றன். மதுரைக் கணக்காயனார் மகனார் நக்கீரனார் என்று சங்கப் புலவரைக் குறிக்கிறோம். அரபு வழக்கில் மகன் பெயர் முதலில், ‘இப்னு’ போட்டுத் தகப்பன் பெயர் அடுத்து. தமிழ் முஸ்லிம்கள் கலிமா சொன்ன பிறகும் தகப்பனை முன்னால் நிறுத்தும் தமிழ் முறையைக் கைவிடவில்லை. ஏ.பி.ஜெ. அப்துல் கலாம் என்ற பெயரில் அவுல், பக்கீர், ஜைனுலாப்தீன் என்று கொள்ளுப்பாட்டன், பாட்டன், தகப்பன் மூவரும் எழுத்துகளாக வரிசையில் நிற்கிறார்கள். கடைசியில் அவர்.

இந்த இனிஷியல் முறைக்கு அரசியல் காவலும் உண்டு. 1929 பிப்ரவரியில் செங்கல்பட்டில் நடந்த முதல் சுயமரியாதை மாகாண மாநாட்டில், பெயருக்குப் பின்னால் சாதிப் பட்டம் போடுவதை விடும்படி தீர்மானம் வந்தது; மாநாட்டுத் தலைவர் சௌந்தரபாண்டியன் தம் பட்டத்தைக் கைவிட்டார். பெயருக்குப் பின்னால் காலி இடம் இருப்பது தமிழ்நாட்டில் குறை அல்ல, சம்பாதித்த உரிமை.

காலி இடத்துக்கு வந்த ஆபத்து

இன்றைக்கு அந்தக் காலி இடத்தை நிரப்பச் சொல்கிறார்கள். என்னிடம் இன்னமும் தெருவில் யாராவது விண்ணப்பத்தைத் தூக்கிக்கொண்டு வருவார்கள். ஆதாரில் பெயருக்கு ஒரே கட்டம். பான் கார்டு விண்ணப்பத்தில் ‘லாஸ்ட் நேம்’ கட்டாயம், இனிஷியல் கூடாது. பாஸ்போர்ட்டில் ‘சர்நேம்’ ஒரு கட்டம், ‘கிவன் நேம்’ இன்னொன்று. ஆக, ஒரே ஆளுக்கு மூன்று அட்டையில் மூன்று பெயர். அதன்பின் மூவரும் ஒருவரே என்று நோட்டரியிடம் அபிடவிட்.

தகப்பன் பெயரைச் ‘சர்நேம்’ கட்டத்தில் போட்டால், விமான நிலையத்தில் மகனைத் தகப்பன் பெயரால் கூப்பிடுவார்கள். போடாமல் விட்டால் ஒற்றைப் பெயர் ஆகிவிடும். 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம், பாஸ்போர்ட்டில் ஒற்றைச் சொல் பெயர் உள்ளவர்களுக்குச் சுற்றுலா, விசிட் விசாவில் அனுமதி இல்லை என்று அறிவித்தது. பின்னால் இரண்டாவது பக்கத்தில் தகப்பன் பெயர் இருந்தால் போதும் என்று தளர்த்தினார்கள். நடுவில் டிக்கெட் எடுத்துவிட்டுத் தவித்த குடும்பத்துக்கு அந்தப் பணத்தை யார் தருவது?

அப்துல் காதர்களுக்கு இன்னொரு தொல்லை. அப்துல் காதிர் என்றால் காதிரின் அடியான். காதிர் இறைவனின் திருநாமங்களில் ஒன்று. இரண்டும் சேர்ந்தால்தான் மனிதன் பெயர். கணினி முன்னால் உட்கார்ந்திருப்பவர் ‘அப்துல்’ ஒரு கட்டம், ‘காதர்’ ஒரு கட்டம் என்று வெட்டிவிடுகிறார். நாங்கள் வீட்டில் செல்லமாகச் சுருக்குவோம், அது வேறு. அரசாங்க முத்திரையோடு வெட்டுவது வேறு. வெளிநாட்டு அலுவலகத்தில் அவர் ‘மிஸ்டர் அப்துல்’ ஆகிவிடுகிறார்.

பெண்களின் கணக்கு இன்னும் மோசம். பள்ளிச் சான்றிதழில் தகப்பன் இனிஷியல், கல்யாணத்துக்குப் பிறகு ரேஷன் கார்டில் கணவன் இனிஷியல். கரீமோவா அலியேவா ஆனதும் இதுவும் ஒரே வினை. ரஷ்யாவை மட்டும் குறை சொல்ல நமக்கு யோக்கியதை இல்லை.

கட்டத்தை எப்படியாவது நிரப்பியாக வேண்டுமே என்று சிலர் பாட்டன் காலத்துச் சாதிப் பட்டத்தைத் தேடி எடுத்து எழுதுவதையும் பார்க்கிறேன். செங்கல்பட்டில் வாசல் வழியாக வெளியே போனதை, விண்ணப்பக் கட்டத்தின் வழியாக உள்ளே விடுகிறோம்.

தாஜிக்குகள் தரும் பாடம்

சரி, சுதந்திரம் வந்தபின் ‘ஓவ்’ நாடுகள் என்ன செய்தன? தாஜிகிஸ்தான் அதிபர் எமோமாலி ரஹ்மோனோவ் 2007 மார்ச்சில் ‘ஓவ்’வைக் கழற்றிவிட்டு எமோமாலி ரஹ்மோன் ஆனார். அவர் மகன் பெயர் ருஸ்தம் எமோமாலி. தகப்பனின் சொந்தப் பெயரே மகனுக்குப் பின்பெயர். 2016-ல் பிறக்கும் தாஜிக் குழந்தைகளுக்கு ரஷ்ய விகுதி போடக் கூடாது என்று சட்டமும் வந்தது.

அதிபருக்கு எளிது. ஆனால் தாஜிக் இளைஞர்கள் கூட்டம் கூட்டமாகக் கூலி வேலைக்குப் போவது ரஷ்யாவுக்கு. அங்கே காவலருக்கும் முதலாளிக்கும் ‘ஓவ்’ இருந்தால்தான் பெயர் பெயராகத் தெரிகிறது. கழற்றிய ‘ஓவ்’வை மறுபடி கேட்டு வாங்கிக்கொண்டவர்களும் இருக்கிறார்கள். மேலே இருப்பவர் பெருமைக்காக மாற்றினாலும், எழுத்தர் வசதிக்காக மாற்றினாலும், செலவு கூலிக்காரன் தலையில். துபாய்க்கும் தம்மாமுக்கும் பிள்ளைகளை அனுப்பும் வடசென்னைக்கு இது புரியும்.

இதற்கு வழியே இல்லையா? இருக்கிறது. நம் ஆட்கள் தலைமுறை தலைமுறையாகப் போய்வந்த சிங்கப்பூரிலும் மலேசியாவிலும் தமிழர் அடையாள அட்டையில் குடும்பப் பெயர் கேட்பதில்லை. சிங்கப்பூரில் ‘எஸ்/ஓ’, மலேசியாவில் ‘ஏ/எல்’, முஸ்லிம்களுக்கு ‘பின்’. எல்லாவற்றுக்கும் மகன் என்று பொருள். தகப்பன் தகப்பனாகவே இருக்கிறார், பிள்ளையின் பெயராக மாறவில்லை. உலகத்துக்கெல்லாம் பாஸ்போர்ட் தரம் வகுக்கும் சர்வதேச சிவில் விமானப் போக்குவரத்து அமைப்பும் குடும்பப் பெயர் கட்டாயம் என்று சொல்லவில்லை. அதன் விதியில் உள்ளவை ‘முதன்மை அடையாளம்’, ‘துணை அடையாளம்’ என்ற இரண்டு. பிரிக்க முடியாத பெயர் என்று பாஸ்போர்ட் கொடுக்கும் நாடு கருதினால், முழுப்பெயரையும் முதன்மை அடையாளமாகவே எழுதலாம். ஆக, முடிவு டெல்லியின் கையில் இருக்கிறது.

வெளியுறவு அமைச்சகத்திடம் கேட்பது இதுதான். ‘முழுப்பெயர்’ என்று ஒரே கட்டம் வையுங்கள். அப்பா அல்லது அம்மா பெயருக்குத் தனியாக ஒரு கட்டம். 2016 டிசம்பரிலேயே பாஸ்போர்ட்டுக்குப் பெற்றோரில் ஒருவர் பெயர் போதும் என்று அறிவித்தவர்கள் நீங்கள். இதையும் செய்ய முடியும். வருமான வரித் துறையும் அதே கட்டத்தைப் பின்பற்றட்டும். ஒற்றைப் பெயர்க்காரர்களைத் திருப்பி அனுப்பும் நாடுகளோடு பேச வேண்டிய பொறுப்பும் உங்களுடையது, டிக்கெட் வாங்கியவருடையது அல்ல.

தமிழ்நாடு அரசுக்கும் வேலை இருக்கிறது. பிறப்புச் சான்றிதழிலும் பத்தாம் வகுப்புச் சான்றிதழிலும் இனிஷியலின் விரிவை எழுத்து விடாமல் அச்சிட்டாலே அபிடவிட் செலவு பாதி குறையும். பெண்ணின் இனிஷியல் கல்யாணத்தோடு மாற வேண்டியதில்லை என்று ரேஷன் கடை முதல் வங்கி வரை தெரியப்படுத்த வேண்டும்.

வீட்டில் புதிதாகப் பிள்ளை பிறந்தவர்களுக்கு ஒரு வார்த்தை. பிள்ளைக்கு எந்த மொழிப் பெயரும் வையுங்கள்: காதர், கோமஸ், ஸ்டாலின், செல்வி, எதுவும் நல்ல பெயரே. பதிவு செய்யும் நாளில் முழுப்பெயரும் இனிஷியலின் விரிவும் ஒரே எழுத்தில் எல்லாச் சான்றிலும் ஏறுகிறதா என்று பாருங்கள். கட்டம் காலியாக இருக்கிறதே என்று சாதியைத் தேடி எழுதாதீர்கள். சர்நேம் இல்லாதது தமிழன் பெயருக்குக் குறை அல்ல. குறை அந்த விண்ணப்பத்தில் இருக்கிறது, திருத்த வேண்டியதும் அதைத்தான்.